கலர் ஷீட் கூரை மேல ஏறணும், ஷீட் நெளியாம எங்க கால் வைக்கிறது?

பீளமேட்டுக்காரன்:
வணக்கம் நண்பர்களே. எங்க வீட்டு மொட்டை மாடிக்கு மேல கலர் கோட்டட் ஷீட் போட்டிருக்கோம், 0.45 எம்எம், ஒரு பக்கமா சரிவு, கீழ குறுக்கு பைப் அஞ்சடிக்கு ஒண்ணா போகுது. ஐப்பசி மழை புடிக்கறதுக்குள்ள ஒழுகுறத சரி பண்ணிடணும். ரெண்டு எடத்துல சொட்டுது, ஒண்ணு ஸ்க்ரூ கிட்ட, இன்னொண்ணு ரெண்டு ஷீட் சேர்ற எடம். போன வருஷம் டிஷ் மாட்ட வந்தவர் நட்ட நடு ஷீட்ல நடந்து மேடு ரெண்டு அமுங்கிருச்சு, அந்த சேர்மானத்துல தண்ணி வர ஆரம்பிச்சதே அதுக்கப்புறம்தான். அதனால ஏறவே யோசனையா இருக்கு. என் எடை 78 கிலோ. மேட்டுல மிதிக்கணும்னு ஒருத்தர் சொல்றார், பள்ளத்துலன்னு இன்னொருத்தர் சொல்றார், அப்பா ஏறவே வேண்டாம்ங்கறார். நடுவுல வெளிச்சத்துக்கு ஒரு ஃபைபர் ஷீட்டும் இருக்கு. விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

பட்டறை அண்ணன்:
தம்பி, மேடா பள்ளமாங்கறது அடுத்த கேள்வி, முதல்ல ஸ்க்ரூ எங்க போகுதுன்னு பாருங்க. ஸ்க்ரூ தலை எல்லாம் ஒரே கோட்டுல வரிசையா தெரியும்ல, அதுக்கு நேர் கீழதான் பைப் இருக்கு, கால் அந்த கோட்டு மேல மட்டும்தான் படணும். உங்க ஷீட்டு மாதிரி பள்ளம் அகலமா தட்டையா இருந்தா பள்ளத்துல பாதம் முழுசும் படியற மாதிரி வைங்க, மேட்டு மேல மிதிச்சா மொத்த எடையும் ஒரே மேட்டுல எறங்கி அமுங்கிடும். அலை அலையா கிட்டக்கிட்ட மேடு இருக்கற பழைய தகர ஷீட்டா இருந்தா மட்டும் பாதம் ரெண்டு மேட்டுலயாவது சேர்ந்து படணும். குதிகால ஊன்றக் கூடாது, முட்டி போடக் கூடாது, ஷீட் முடியற ஓரத்துல பைப்ப தாண்டி வெளிய நீட்டிட்டு இருக்கற பாகத்துல மிதிக்கவே கூடாது, அங்க தாங்க கீழ ஒண்ணுமே இல்ல.

ஆனா ஒரு பைப்புல இருந்து அடுத்த பைப்புக்கு அஞ்சடி, அதை எட்டி வைக்க யாராலயும் முடியாது, நடுவுல மிதிச்சே ஆகணும், ஷீட் நெளியறது எல்லாம் அங்கதான். அதுக்கு ஏழெட்டடி சாரப்பலகை ஒண்ணு எடுத்து ரெண்டு பைப்பு மேலயும் உக்கார்ற மாதிரி போட்டு அது மேல நடங்க. பலகைக்கு அடியில சாக்கு மடிச்சு வைங்க, பழைய பலகையா இருந்தா ஆணி எதுவும் துருத்திட்டு இருக்கான்னு தடவிப் பாருங்க, பெயிண்ட கிழிச்சிடும். மேல் முனைய கயிறு போட்டு கட்டிடுங்க, இல்லன்னா சரிவுல பலகையும் நீங்களும் சேர்ந்து வழுக்கிட்டு வருவீங்க.

சோலார் ஃபிட்டர்:
அண்ணன் சொன்னது சரி. கூட ரெண்டு விஷயம், செருப்போட ஏறாதீங்க, மெத்துன்னு ரப்பர் அடி வெச்ச ஷூ போடுங்க, ஏறறதுக்கு முன்னாடி அடிப்பக்கம் கல்லு மண்ணு சிக்கியிருந்தா தட்டிட்டு ஏறுங்க, ஒரு சின்ன கல்லு போதும் நீளமா கோடு இழுத்துடும் அப்புறம் அந்த கோட்டுலதான் துரு புடிக்கும். காலைல பனி ஈரம் இருக்கும், கலர் ஷீட் ஈரமானா சோப்பு மாதிரி வழுக்கும், நல்லா காஞ்சப்புறம் ஏறுங்க, அதுக்காக மத்தியானமும் வேண்டாம் கை வைக்க முடியாது. ட்ரில் போட்டா பொடிப்பொடியா இரும்புத்தூள் விழும், அன்னைக்கே பிரஷ்ல கூட்டி எடுத்துடுங்க, ராத்திரி ஒரு பனி பட்டாலே செம்புள்ளி விழ ஆரம்பிச்சிடும்.

பீளமேட்டுக்காரன்:
ரொம்ப நன்றி அண்ணா ரெண்டு பேருக்கும். பலகை விஷயம் யாருமே சொல்லல. சரி மேல போயிட்டேன்னு வைங்க, ஸ்க்ரூ மேல சிலிகான் அப்பிட்டா போதுமா? ஃபைபர் ஷீட் மேல பலகை போட்டு போகலாமா?

பட்டறை அண்ணன்:
அப்பாதீங்க. அந்த ஸ்க்ரூவுக்கு கீழ கருப்பு ரப்பர் வாஷர் ஒண்ணு இருக்கும், வெயில்ல காஞ்சு வெடிச்சிருக்கும், இல்லன்னா மாட்டுனவங்க ஓவரா டைட் வெச்சு வாஷர் பிதுங்கி வெளிய வந்திருக்கும். ஸ்க்ரூவ கழட்டிட்டு புது வாஷரோட புதுசு போடுங்க, ஓட்டை லூசாயிருந்தா 5.5 எம்எம்முக்கு பதிலா 6.3 எம்எம் போடுங்க. ரப்பர் லேசா அமுங்குனதும் நிறுத்திடணும். சேர்மானத்துக்கு ப்யூட்டைல் டேப்னு பிசுபிசுன்னு ஒட்டற ரப்பர் டேப் ஒண்ணு இருக்கு, அத வாங்குங்க, ரெண்டு ஷீட்டுக்கும் இடையில ஒட்டி மேல ஸ்க்ரூ போட்டு இறுக்கணும். சிலிகான்தான் வேணும்னா நியூட்ரல்னு கேட்டு வாங்குங்க, புளிச்ச வினிகர் வாசம் அடிக்குமே அந்த ரகம் துத்தநாக பூச்ச அரிச்சிடும்.

சைட் சேஃப்டி:
தம்பி ஃபைபர் ஷீட் பக்கமே போகாதீங்க, பலகை போட்டாலும் வேண்டாம், சுத்தி வாங்க. வெயில் பட்டு பட்டு அது அப்பளமா நொறுங்கற நிலையில இருக்கும், மேல தூசி படிஞ்சு கலர் ஷீட்டுக்கும் அதுக்கும் வித்தியாசமே தெரியாது. ஏறறதுக்கு முன்னாடி கீழ இருந்து பாத்து எங்க ஆரம்பிச்சு எங்க முடியுதுன்னு நிச்சயம் பண்ணிக்குங்க. சிமெண்ட் ஷீட் வெச்சிருக்கறவங்க யாராவது இத படிச்சா, அதுவும் அதே கதைதான், சொல்லாம கொள்ளாம உடையும்.

மொட்டை மாடிக்கு மேலன்னா ஓரத்துல விழுந்தா நேரா தெருவுலதான். ஃபுல் பாடி ஹார்னஸ், அதாவது உடம்பு முழுக்க மாட்டற சேஃப்டி பெல்ட், வாடகைக்கு கிடைக்குது, அதோட கயிற கூரைய தாங்கற இரும்பு ட்ரஸ்லயோ காங்கிரீட் தூண்லயோ கட்டுங்க, ஷீட் ஸ்க்ரூலயும் டேங்க் பைப்லயும் கட்டாதீங்க. பக்கத்துல ஈபி லைன் போகுதா பாருங்க, போச்சுன்னா அலுமினிய ஏணி வேண்டவே வேண்டாம். ஏணிய கூரை ஓரத்துல மழைத்தண்ணி புடிக்கற கட்டர் மேல சாய்க்காதீங்க. தனியா ஏறாதீங்க, கீழ ஒருத்தர் நிக்கணும். காத்து அடிச்சா அன்னைக்கு விட்டுடுங்க.

சோலார் ஃபிட்டர்:
ஏறறதுக்கு முன்னாடி ஒழுகற எடத்த கீழ இருந்தே கண்டுபிடிச்சிடுங்க, மேல நடக்கற வேலை பாதி குறைஞ்சிடும். பகல்ல ஷீட்டுக்கு கீழ நின்னு அண்ணாந்து பாருங்க, ஊசி முனையளவு வெளிச்சம் தெரியற எடத்துல சாக்பீஸ்ல வட்டம் போடுங்க. அப்புறம் ஒருத்தர் ஏணில நின்னு ஹோஸ்ல தண்ணி விடட்டும், கீழ் ஓரத்துல ஆரம்பிச்சு கொஞ்சம் கொஞ்சமா மேல போகணும், மேல இருந்து ஊத்துனா தண்ணி எல்லா எடத்துலயும் ஓடி எது ஒழுகுதுன்னே தெரியாது. மழைல சொட்டற எடத்துக்கு நேர் மேலதான் ஓட்டைன்னு நினைக்காதீங்க, ஷீட் அடியில பைப்ப புடிச்சு தண்ணி தூரம் ஓடி வந்து சொட்டும்.

பீளமேட்டுக்காரன்:
சரிண்ணா, இந்த ஞாயித்துக்கிழமை மச்சான வரச் சொல்லி ஹோஸ் டெஸ்ட் பண்ணி பாத்துட்டு, எந்த ஸ்க்ரூன்னு தெரிஞ்சப்புறம் பலகைக்கும் ஹார்னஸுக்கும் சொல்றேன்.