ஆளைத் தூக்கிப் போகும் கழுகு எப்போதாவது இருந்ததா?

மதுரை_மல்லி (கேள்வி):

எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் ஒரு பழைய வீடியோ மறுபடியும் சுற்றுகிறது. பூங்காப் புல்வெளியில் உட்கார்ந்திருக்கும் குழந்தையை ஒரு கழுகு பாய்ந்து கவ்விச் சில அடி மேலே தூக்குகிறது, அப்புறம் கீழே விட்டுவிடுகிறது. எட்டாவது படிக்கும் என் மகன் அதைப் பொய் என்கிறான். மாமியாரோ, “அண்டரண்டப் பட்சி யானையையே தூக்கும், குழந்தையைத் தூக்காதா?” என்கிறார். நான் நடுவில் மாட்டிக்கொண்டேன். வீடியோ உண்மையா? இல்லை என்றால், முன்னொரு காலத்திலாவது அவ்வளவு பெரிய கழுகு இருந்ததா? விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

தெற்குத்தீவு_முருகன்:

மல்லி அக்கா, முதல் சுற்றில் உங்கள் மகனுக்கே வெற்றி. 2012 டிசம்பரில் வந்த வீடியோ அது. கனடாவின் மான்ட்ரியலில் அனிமேஷன் படித்த மாணவர்கள் வகுப்புப் பயிற்சிக்காகச் செய்தது. கழுகும் பொம்மை, குழந்தையும் பொம்மை, இரண்டுமே கணினியில் வரைந்தவை. கொஞ்ச நேரத்திலேயே அந்தக் கல்லூரியே அதைச் சொல்லிவிட்டது. ஆனால் மறுப்பை யார் ஃபார்வர்டு செய்கிறார்கள்?

இரண்டாவது கேள்விக்கு நான் கொஞ்சம் நீளமாக எழுதுவேன், பொறுத்துக்கொள்ளுங்கள். நான் இருப்பது நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச்சில். உலகத்திலேயே பெரிய கழுகு, அதாவது பிணந்தின்னி அல்லாமல் உயிருள்ள இரையை வேட்டையாடும் உண்மையான கழுகு, வாழ்ந்தது இந்தத் தீவில்தான். பெயர் ஹாஸ்ட் கழுகு. 1871இல் இங்கிருந்து வடக்கே கிளென்மார்க் என்ற பண்ணையின் சதுப்பில் மோவா என்ற பறக்காத பறவையின் எலும்புகளைத் தோண்டியபோது இதன் எலும்பும் கிடைத்தது. ஊர் அருங்காட்சியகத்தைத் தொடங்கிய ஜூலியஸ் ஹாஸ்ட் என்ற ஜெர்மானியர்தான் அதை விவரித்து எழுதினார்.

பெட்டைக் கழுகு 10 முதல் 15 கிலோ. இன்று உயிரோடிருக்கும் கழுகுகளில் மிகக் கனமான ஹார்ப்பி கழுகும் ஸ்டெல்லர் கடற்கழுகும் 9 கிலோவைத் தொட்டாலே பெரிய விஷயம். சிறகை விரித்தால் 3 மீட்டருக்குள்தான், அந்த எடைக்கு அது குட்டை. காட்டுக்குள்ளும் புதர்களுக்கு இடையிலும் பாய்வதற்கு அப்படித்தான் வசதி. நகங்கள் புலி நகத்துக்கு ஈடு.

எதை வேட்டையாடியது என்று கேட்பீர்கள். இங்கே பாலூட்டி என்றால் வௌவாலும் கடற்கரையில் சீலும்தான். மான், மாடு எதுவும் கிடையாது. அந்த இடத்தில் புல்லும் இலையும் மேய்ந்தவை அந்த மோவாக்கள். பெரிய இனத்தின் பெட்டை 200 கிலோவைத் தாண்டும். சில மோவாக்களின் இடுப்பெலும்பில் கழுகு நகம் துளைத்த ஓட்டை இருக்கிறது. அருங்காட்சியகத்தைப் புதுப்பிக்க 2023இல் மூடுவதற்கு முன் விருந்தினர் வந்தால் மோவா எலும்புக்கூடுகளைக் காட்டத்தான் கூட்டிப்போவேன். அந்த இடுப்பெலும்பின் தடிமனைப் பார்த்தவர்களுக்கு அதைத் துளைத்த காலின் வலு சொல்லாமலே புரியும்.

ஆனால் கவனியுங்கள், 200 கிலோ மோவாவை அது தூக்கவில்லை. விழுந்த இடத்திலேயே உட்கார்ந்து தின்றது. 2021இல் வந்த ஓர் ஆய்வு, இதன் காலும் அலகும் கழுகு மாதிரி கொல்வதற்கும், மண்டையோடு காண்டார் என்ற பிணந்தின்னிக் கழுகு மாதிரி குடலைக் கிழித்துத் தின்பதற்கும் ஏற்றவை என்கிறது. இங்கே தெற்கு கான்டர்பரியில் ஒரு குகையில் இந்நாட்டுப் பூர்வகுடிகளான மாவோரிகள் வரைந்த கழுகுப் படத்தில் உடம்புக்குக் கறுப்பு பூசி, தலையை மட்டும் பூசாமல் விட்டிருக்கிறார்கள். தலையில் இறகு இல்லாததால் அப்படி வரைந்தார்களோ என்று அந்த ஆய்வாளர்கள் நினைக்கிறார்கள். எனக்கு இந்த யோசனை பிடித்திருக்கிறது.

மாவோரிகள் வந்து ஒன்றிரண்டு நூற்றாண்டுகளுக்குள் மோவாவை வேட்டையாடித் தீர்த்தார்கள். இரை போனதும் கழுகும் போனது. சுமார் 600 ஆண்டுகள்தான் ஆகின்றன, அக்கா. நம் ஊர்க் கோயில்களில் பல அதைவிடப் பழையவை.

பழங்கதைப்_பித்தன்:

ஆளைத் தூக்கியதாக மாவோரிக் கதை ஏதும் உண்டா, முருகன்? இந்தப் பக்கம் அரபுக் கதைகளில் ருக் என்ற ராட்சதப் பறவை உண்டு. மடகாஸ்கர் பக்கம் யானையைத் தூக்கிப் போட்டுக் கொல்லும் பறவை இருப்பதாக மார்க்கோ போலோ கேட்டு எழுதி வைத்திருக்கிறார். மடகாஸ்கரில் யானையே கிடையாது! ஆனால் ஒரு அடி நீள முட்டையிடும் யானைப்பறவை அங்கே நிஜமாகவே இருந்தது. முட்டையைப் பார்த்த மாலுமி அதற்கேற்ற தாயைக் கற்பனை செய்திருப்பான் என்று பலர் சொல்கிறார்கள். பாவம், அந்தத் தாய்க்குப் பறக்கவே தெரியாது. நம் கருடனும் ஒரு காலில் யானை, இன்னொரு காலில் ஆமை பிடித்துப் பறந்தவர்தானே. மல்லியின் மாமியார் தனியாள் இல்லை.

தெற்குத்தீவு_முருகன்:

உண்டு ஐயா. போவாகாய் என்பார்கள். நாங்கள் மேற்கே ஆர்தர்ஸ் பாஸ் போகும் வழியில் தெரியும் டோர்லெஸ் மலையில்தான், மாவோரியில் தாவேரா, அது கூடு கட்டி ஆட்களைக் கொண்டுபோனதாகக் கதை. கடைசியில் ஊர் இளைஞர்கள் ஒளிந்திருந்து ஈட்டியால் குத்திக் கொன்றார்களாம். ஒரு சிறுவனை அந்தக் கழுகு அடித்துக் கொன்றிருக்கலாம் என்பதை நான் நம்புவேன். கூட்டுக்குத் தூக்கிப் போனது என்பதை நம்ப மாட்டேன்.

எலும்பு_வாத்தியார்:

முருகன் சொல்வதோடு ஒன்று சேர்க்கிறேன். 1924இல் தென்னாப்பிரிக்காவின் டாங் சுண்ணாம்புக் குவாரியில் ஒரு குழந்தை மண்டையோடு கிடைத்தது. நம் முன்னோர் இனம், மூன்று நான்கு வயது இருக்கும், காலம் 20 லட்சம் ஆண்டுகளுக்கும் முந்தையது. லீ பெர்கரும் ரான் கிளார்க்கும் 1995இல், அதைக் கொன்றது கழுகுதான் என்றார்கள். 2006இல் பெர்கர் கண்குழிக்குள் இருந்த கீறல்களைக் காட்டினார். இன்றைய ஆப்பிரிக்க முடிசூடிய கழுகு குரங்கைத் தின்றால் அதே இடத்தில்தான் கீறல் விழுகிறது. அந்தக் கழுகின் எடை நான்கு கிலோ சுற்றி. தன்னைவிடப் பெரிய இரையை அது துண்டு துண்டாக்கித்தான் மரத்துக்குக் கொண்டுபோகும்.

மதுரை_மல்லி:

ஐயையோ, இதை மாமியாரிடம் சொல்ல மாட்டேன். மகன் கேட்கிறான்: சின்னக் கழுகைப் பெரிதாக்கிக்கொண்டே போனால் ஒரு கட்டத்தில் ஆளைத் தூக்காதா?

தெற்குத்தீவு_முருகன்:

நல்ல கேள்வி தம்பி. நீளத்தை இரண்டு மடங்காக்கினால் இறக்கைப் பரப்பு நான்கு மடங்கு ஆகும், எடையோ எட்டு மடங்கு. பெரிதாகப் பெரிதாகத் தன்னைச் சுமப்பதே பாடு. அர்ஜென்டினாவில் 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் அர்ஜென்டாவிஸ் என்று ஒன்று இருந்தது. சுமார் 70 கிலோ, சிறகு 6 மீட்டர் சுமார். அது சிறகடித்துப் பறந்ததைவிடக் காற்றில் மிதந்ததுதான் அதிகம். சரிவில் ஓடித்தான் எழும்பியிருக்கும் என்று கணக்கிட்டிருக்கிறார்கள். காண்டாருக்குத் தூரத்துச் சொந்தம் என்பதால், கவ்விப் பிடிக்கும் காலும் அதற்கு இருந்திருக்காது. ஆக, பெரிய உடம்பு இருந்ததற்குப் பிடி இல்லை, பிடி இருந்ததற்குச் சுமக்கும் வலு இல்லை.

தம்பிக்கு இன்னொரு தகவல். ஹாஸ்ட் கழுகின் நெருங்கிய சொந்தம் எது என்று 2005இல் மரபணு பார்த்தார்கள். ஒரு கிலோ சுமாருக்கு இருக்கும் ஆஸ்திரேலியச் சிறு கழுகும், பூட்டட் ஈகிளும்! இரண்டாவது குளிர்காலத்தில் நம் பக்கம் வரும். டிசம்பரில் வைகை அணைப் பக்கம் போனால் பைனாகுலர் எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள். பறக்கும்போது அடிப்பக்கம் வெள்ளை, சிறகின் பின்பாதி கறுப்பு. பருந்தென்று நினைத்து விட்டுவிட வேண்டாம்.