கல்யாணப் படிவத்தில் 11 முனியசாமி: யார் யார் என்று எப்படிப் பிரிப்பது?

உச்சிப்புளிக்காரன்:
வைகாசிக் கடைசி முகூர்த்தத்தில் தங்கச்சிக்குக் கல்யாணம், ராமநாதபுரத்தில். ஜூன் 14 வரை விசைப்படகுகளுக்குத் தடைக்காலம். சொந்தக்காரர்கள் கரையில் இருப்பார்கள் என்றுதான் இந்தத் தேதியே வைத்தோம்.

பத்திரிகையோடு வாட்ஸ்அப்பில் ஒரு கூகுள் ஃபார்ம் அனுப்பினேன். பெயர், போன் நம்பர், எத்தனை பேர், முந்தின நாள் ராத்திரியே வருகிறீர்களா, இவ்வளவுதான் கேட்டிருந்தேன். 212 பதில் வந்திருக்கிறது. அதில் 11 முனியசாமி.

எங்கள் வீட்டில் மூத்த பேரனுக்குத் தாத்தா பெயர்தான். தாத்தாவுக்கு ஐந்து மகன்கள், எல்லார் வீட்டிலும் ஒரு முனியசாமி. இனிஷியலை வைத்துப் பார்க்கலாம் என்றால், காளிமுத்து சித்தப்பா மகனும் 'கே. முனியசாமி', கருப்பசாமி பெரியப்பா மகனும் 'கே. முனியசாமி'. ஆங்கிலத்தில் எழுதியவர்கள் எழுத்துக்கூட்டலும் ஆளுக்கு ஒரு விதம்.

ஒரே நம்பரிலிருந்து இரண்டு முனியசாமி வந்திருந்தது. ஒன்றில் 4 பேர், இன்னொன்றில் 6. திருத்தி அனுப்பியிருக்கிறார் என்று நினைத்து, பதில்கள் வந்து விழுகிற கூகுள் ஷீட்டில் முதல் வரியை அழித்துவிட்டேன். நேற்று வாலிநோக்கம் பெரியப்பாவிடம் பேசும்போதுதான் தெரிகிறது, அது இரண்டு வீடு. பேரன் ஒருவனே தன் போனில் இரண்டு வீட்டுக்கும் நிரப்பியிருக்கிறான். பெரியப்பா வீட்டையே கணக்கிலிருந்து எடுத்திருக்கிறேன், மனசே சரியில்லை. அழித்ததை மீட்க முடியுமா? மிச்சப் பேரை எப்படிப் பிரிப்பது? சமையல் மாஸ்டருக்குத் திங்கட்கிழமை இலைக் கணக்குச் சொல்லியாக வேண்டும்.

மண்டபம் கேம்ப்:
பயப்படாதீர்கள் தம்பி. ஷீட்டில் வரியை அழித்தாலும் ஃபார்முக்குள் அந்தப் பதில் அப்படியே இருக்கும். ஃபார்மைத் திறந்து, பதில்கள் பகுதிக்குப் போய், ஒவ்வொன்றாகப் பாருங்கள். ஷீட்டின் பதிப்பு வரலாற்றிலும் பழைய நிலை கிடைக்கும். இனிமேல் பதில் விழுகிற அந்தத் தாளைத் தொடவே வேண்டாம். நகல் எடுத்து அதில் வேலை பாருங்கள். சந்தேகப்படுகிற வரிக்கு நிறம் மட்டும் போடுங்கள்.

பத்து இலக்கம் இருந்தால்தான் நம்பரை ஏற்க வேண்டும் என்று ஃபார்மிலேயே கட்டுப்பாடு வைக்கலாம். இன்னும் பதில் போடாதவர்களுக்கு, முன்கூட்டியே நிரப்பிய இணைப்பு அனுப்புங்கள். ஃபார்மின் மூன்று புள்ளி மெனுவில் அந்த வசதி இருக்கிறது. 'அழைப்பிதழ் எண்' என்று ஒரு கேள்வி சேர்த்து, ஒவ்வொரு வீட்டுக்கும் அதன் எண்ணை நிரப்பிய இணைப்பாகக் கொடுத்தால், பெயர் எதுவானாலும் எண் வேறாக வரும்.

சாயல்குடி மதினி:
அந்த இணைப்பைக் குடும்ப குரூப்பில் மட்டும் போட்டுவிடாதீர்கள். ஒருவருக்கு அனுப்பியதை அவர் நாலு பேருக்குத் தள்ளிவிட்டால் நாலு பேரும் ஒரே அழைப்பிதழ் எண்ணில் வந்து விழுவார்கள். என் தம்பி கல்யாணத்தில் இதே குழப்பம்தான். தனித்தனியாக அனுப்புவதென்றால் செய்யுங்கள், இல்லையென்றால் வேண்டாம்.

நான் சொல்வது வேறு. உங்கள் அப்பாவிடம் பழைய மொய் நோட்டு இருக்கும், எடுத்துப் பாருங்கள். வெறும் 'முனியசாமி' என்று ஒரு வரிகூட இருக்காது. 'வாலிநோக்கம், கருப்பசாமி மகன் முனியசாமி' என்றுதான் இருக்கும். அப்படியும் பிரியவில்லை என்றால் பட்டப்பெயரோ வீட்டு அடையாளமோ சேர்த்திருப்பார்கள். வாங்கிய மொய்யைத் திருப்பிச் செய்ய வேண்டுமே, ஆள் மாறினால் பெரிய வருத்தமாகிவிடும். அதனால் நம் பெரியவர்கள் இதில் ரொம்பக் கவனமாக இருந்தார்கள். நீங்களும் அந்த மூன்றையும் கேளுங்கள்: ஊர், தகப்பனார் பெயர் முழுசாக, எந்த வீடு. இப்போது சேர்த்தால் ஏற்கனவே வந்த 212 வரிகளில் அந்தக் கட்டங்கள் காலியாகத்தான் இருக்கும். பெயர் இடிக்கிற வரிகளுக்கு மட்டும் அப்பாவை உட்காரவைத்து நிரப்புங்கள். யார் மகன் யார் என்பது அவருக்குத்தான் தெரியும்.

இன்னொன்று, நம்பர் ஒன்றாக இருப்பதால் ஆள் ஒன்று என்றும் இல்லை, நம்பர் வேறாக இருப்பதால் ஆள் வேறு என்றும் இல்லை. ஒரே ஆள் தன் போனில் ஒரு தடவை, மனைவி போனில் ஒரு தடவை அனுப்பியிருப்பார். தகப்பனார் பெயரும் ஊரும் வீடும் ஒத்துப்போனால், நேரத்தைப் பார்த்துக் கடைசியாக வந்த பதிலை எடுத்துக்கொள்ளுங்கள். இடித்தால் போன் போட்டுவிடுங்கள்.

கீழக்கரை, இப்போது ஷார்ஜா:
மண்டபம் அண்ணன் சொன்ன பத்து இலக்கக் கட்டுப்பாடு நம் பக்கத்துக்கு ஒத்துவராது. இங்கே 971-க்குப் பிறகு ஒன்பது இலக்கம்தான், சவுதியிலும் அப்படியே. ஃபார்ம் ஏற்காவிட்டால் எங்கள் ஆட்கள் மூடி வைத்துவிட்டுப் போய்விடுவார்கள்.

மகள் நிக்காஹ்வுக்கு எனக்கு 14 செய்யது இபுராகீம் வந்தார்கள். ஏர்வாடி தர்கா பக்கத்தில் இருக்கும்போது அந்தப் பெயர் இல்லாத தெரு ஏது? நம்பரைச் சிலர் 91 போட்டும் சிலர் முன்னால் சைபர் போட்டும் எழுதியிருந்தார்கள். இடைவெளியையும் கூட்டல் குறியையும் எடுத்துவிட்டுக் கடைசி ஒன்பது இலக்கத்தை மட்டும் தனிப் பத்தியில் வைத்து ஒப்பிட்டேன், ஒரே நம்பர்கள் கண்ணில் பட்டன.

மண்டபம் கேம்ப்:
சரிதான் பாய், வெளிநாட்டு நம்பரை நான் யோசிக்கவில்லை. அந்தக் கட்டுப்பாடு வேண்டாம். 'ஒருவருக்கு ஒரு பதில்' என்ற அமைப்பையும் போடாதீர்கள் தம்பி, கூகுள் கணக்கில் நுழையச் சொல்லும். வாலிநோக்கம் பேரன் மாதிரி ஒரே போனில் இரண்டு வீட்டுக்கு நிரப்புகிறவர்களால் இரண்டாவது பதிலே போட முடியாது.

உச்சிப்புளிக்காரன்:
எல்லோருக்கும் நன்றி. அழித்த பதில் ஃபார்முக்குள் அப்படியே இருந்தது, 4 பேர். நகல் தாளில் சேர்த்துவிட்டேன்.

நேற்று ராத்திரி அப்பா பரணிலிருந்து தன் கல்யாண மொய் நோட்டை எடுத்துவந்தார். ஓரமெல்லாம் அரித்துப்போன நீள நோட்டு. மதினி சொன்ன மாதிரியே ஒவ்வொரு வரியும் ஊரில்தான் தொடங்குகிறது. நான் லேப்டாப்பில் பெயரை வாசிக்க வாசிக்க, அவர் நோட்டைப் புரட்டி "இது வேதாளையான் வீடு, இது நம்ம ஓடக்கரை வீடு" என்று சொல்லிக்கொண்டே வந்தார். பதினொன்றும் எட்டுப் பேராகிவிட்டது. ஒருவர் மனைவி போனிலும் சேர்த்து இரண்டு தடவை போட்டிருக்கிறார். இன்னொருவர் ஆள் கூடக்கூட மூன்று தடவை போட்டிருக்கிறார், கடைசியாகச் சொன்னது 7.

மூக்கையூர் முனியசாமி அண்ணன் நம்பரில் ஒரு இலக்கம் குறைகிறது. அப்பா நாளைக்குக் காலையில் பஸ் ஏறி நேரிலேயே போய் வெற்றிலை பாக்கு வைத்துக் கேட்டுவிட்டு வருகிறேன் என்கிறார். அவர் வந்ததும் மாஸ்டருக்குக் கணக்குச் சொல்லிவிடுவேன்.