டெல்லி செங்கோட்டை வழக்கில் மூவர் விடுதலை, லண்டனில் ஜாய்ஸ் தூக்கு: ஒரே நாள், ஒரே மன்னர். சட்டம் எங்கே வேறுபட்டது?

தாமிரக்கரை (கேள்வி)

1946 ஜனவரி 3 காலையில் லண்டன் வாண்ட்ஸ்வொர்த் சிறையில் வில்லியம் ஜாய்ஸைத் தூக்கிலிட்டார்கள். போர்க்காலத்தில் ஜெர்மன் வானொலியிலிருந்து பிரிட்டனுக்கு எதிராகப் பேசிய 'லார்டு ஹா ஹா' இவர்தான். அதே நாளில் டெல்லியில், செங்கோட்டையில் விசாரிக்கப்பட்ட ஐ.என்.ஏ. (ஜப்பானிடம் பிடிபட்ட இந்தியச் சிப்பாய்களைக் கொண்டு எழுந்த, பிறகு சுபாஷ் சந்திர போஸ் நடத்திய இந்திய தேசிய ராணுவம்) அதிகாரிகள் ஷா நவாஸ் கான், பிரேம் சேகல், குர்பக்ஷ் சிங் தில்லான் மூவருக்கும் விதித்த ஆயுள் தண்டனையைத் தலைமைத் தளபதி ஆக்கின்லெக் தள்ளுபடி செய்தார். மூவரும் வெளியே வந்தார்கள்.

ஜாய்ஸ் பேச மட்டும்தான் செய்தார். இவர்கள் பர்மாவில் படை நடத்தியவர்கள். இரண்டு வழக்கிலும் மன்னர் ஆறாம் ஜார்ஜ்தான். என் கேள்விகள்:

செங்கோட்டையில் சாட்டப்பட்ட இந்திய தண்டனைச் சட்டப் பிரிவு எது? 124ஏ என்று சிலர் எழுதுகிறார்கள், 121 என்று சிலர். மூவருக்காக வாதாடிய வக்கீல் புலாபாய் தேசாயின் வாதம் சட்டப்படி எடுபட்டதா, அல்லது வெறும் அரசியல் நெருக்கடியா? நீதிமன்றம் குற்றவாளி என்று சொன்ன பிறகு ஒரு தளபதியால் அதை எப்படி மாற்ற முடிந்தது?

---

பழைய முன்சீப்

பிரிவு 121 தான். 124ஏ என்று எழுதுபவர்கள் வ.உ.சி., திலகர் வழக்குகளோடு போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். 124ஏ பேச்சுக்கும் எழுத்துக்கும் உரியதாக இருந்தது, அரசின் மீது வெறுப்பையும் அவமதிப்பையும் தூண்டுவது. 1908-ல் திருநெல்வேலியில் நீதிபதி பின்ஹே வ.உ.சி.க்குத் தண்டனை கொடுத்தது அதில்தான். 121 என்பது மன்னருக்கு எதிராகப் போர் தொடுத்தல்.

121-ன் வாசகத்தில் ஒரு விஷயம் முக்கியம். 'யார் போர் தொடுத்தாலும்' என்றுதான் தொடங்கியது. குற்றம் சாட்டப்பட்டவர் மன்னருக்கு விசுவாசக் கடமை உள்ளவர் என்று அரசுத் தரப்பு தனியாக நிரூபிக்க வேண்டும் என்று அதில் இருக்கவில்லை. இங்கிலாந்தின் 1351-ஆம் ஆண்டுச் சட்டப்படி ராஜத்துரோகத்துக்கு அந்த விசுவாசக் கடமைதான் அடிப்படை. ஜாய்ஸ் வழக்கு முழுவதும் அதன் மேல்தான் சுழன்றது.

இரண்டாவது, தண்டனை. இங்கிலாந்தில் அன்று ராஜத்துரோகம் நிரூபணமானால் நீதிபதிக்கு ஒரே வழிதான் இருந்தது, மரணம். 121-ல் இரண்டு வழி இருந்தது: மரணம் அல்லது ஆயுள் தீவாந்தரம் (ஆயுள் முழுவதும் நாடுகடத்திச் சிறை). அதற்குக் கீழே எதுவும் இருக்கவில்லை. ஆகவே ராணுவ நீதிமன்றம் மூவருக்கும் ஆயுள் தீவாந்தரம் கொடுத்தது கடுமை காட்டியதல்ல; குற்றம் உறுதி என்று சொன்ன பிறகு அதைவிடக் குறைவாகக் கொடுக்க அதற்கு அதிகாரமே இல்லை. ஆக்கின்லெக் வெளியிட்ட அறிவிப்பிலும் இதைத்தான் முதலில் சொல்லியிருக்கிறார்.

தளபதி எப்படி மாற்றினார் என்பதற்கு: இது செஷன்ஸ் கோர்ட் அல்ல. 1911-ஆம் ஆண்டு இந்திய ராணுவச் சட்டப்படி அமைத்த பொது ராணுவ நீதிமன்றம். அதன் தீர்ப்பும் தண்டனையும் உறுதிசெய்யும் அதிகாரியின் கையெழுத்து விழும்வரை செல்லாது. உறுதிசெய்பவர் தண்டனையைக் குறைக்கலாம், தள்ளுபடியும் செய்யலாம். ஆக்கின்லெக் தீர்ப்பை ரத்து செய்யவில்லை என்பதைக் கவனியுங்கள். குற்றம் உறுதி என்பதை ஏற்றார். பதவி நீக்கத்தையும் சம்பள பாக்கி பறிமுதலையும் அப்படியே வைத்துக்கொண்டு, தீவாந்தரத்தை மட்டும் தள்ளுபடி செய்தார். 'விடுதலையானார்கள்' என்பது சரி, 'குற்றமற்றவர்கள் என்று தீர்ப்பு' என்பது தவறு.

---

ரங்கூன் சாலை

மேலே சொன்னதோடு கொலைக் குற்றச்சாட்டுகளையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். 121 மூவர் மீதும் பொது. தில்லான் மீது நான்கு சிப்பாய்களைக் கொன்றதாகவும், சேகல் மீது அதற்கு உடந்தை என்றும், ஷா நவாஸ் மீது வேறொரு கொலைக்கு உடந்தை என்றும் தனித்தனியாக இருந்தது. 1945 மார்ச்சில், பர்மாவில், தப்பியோட முயன்ற ஐ.என்.ஏ. வீரர்களுக்கு விதித்த மரண தண்டனைதான் பின்னணி. முடிவில் தில்லானும் சேகலும் கொலைக் குற்றச்சாட்டிலிருந்து விடுபட்டார்கள். ஷா நவாஸ் மட்டும் உடந்தைக் குற்றத்தில் சிக்கினார்.

தேசாயின் வாதம் இரண்டு நாள் நீண்டது. அதன் முதுகெலும்பு இதுதான்: 1943 அக்டோபர் 21 அன்று சிங்கப்பூரில் போஸ் தலைமையில் ஒரு தற்காலிக இந்திய அரசு அமைந்தது, அதை ஜப்பான், ஜெர்மனி உட்பட பல நாடுகள் அங்கீகரித்தன, அதற்கு ஒழுங்கான படையும் படைச் சட்டமும் இருந்தன, அது போர் அறிவித்தது. அப்படியானால் நடந்தது இரு அரசுகளுக்கு இடையிலான போர். அதில் சண்டையிட்ட தனி மனிதனை உள்நாட்டுச் சட்டத்தைக் கொண்டு தண்டிக்க முடியாது. இதை நிறுவத்தான் ஜப்பான் வெளியுறவு அதிகாரிகளை டெல்லிக்கே வரவழைத்துச் சாட்சி சொல்ல வைத்தார்கள். தற்காலிக அரசின் விளம்பர அமைச்சர் எஸ்.ஏ. அய்யரும், அந்தமானுக்குத் தலைமை ஆணையராகப் போன லோகநாதனும் குற்றம் சாட்டப்பட்டவர்கள் தரப்புச் சாட்சிகளாக வந்தது வெறும் அபிமானத்தால் அல்ல. அமைச்சகம், நிதி, நிலப்பரப்பு எல்லாம் இருந்தது என்று காட்ட அவர்கள் தேவைப்பட்டார்கள்.

அடுத்தது சிங்கப்பூரின் ஃபேரர் பார்க் திடல். 1942 பிப்ரவரி 17 அன்று, சிங்கப்பூர் விழுந்த இரண்டாம் நாள், பிரிட்டிஷ் அதிகாரி ஹன்ட் இந்தியச் சிப்பாய்களை ஜப்பானிய மேஜர் ஃபுஜிவாராவிடம் ஒப்படைத்தார். பிரிட்டிஷ் வீரர்களைத் தனியே பிரித்துக் கொண்டுபோய்விட்டார்கள். பாதுகாப்புக் கொடுக்க முடியாத மன்னர் விசுவாசத்தைக் கேட்க முடியுமா என்பது தேசாயின் கேள்வி.

ஏன் 'ஜப்பான்காரன் மிரட்டினான்' என்று வாதாடவில்லை என்று பலர் கேட்பதுண்டு. தண்டனைச் சட்டம் 94-ஆம் பிரிவு அந்தக் கதவை அடைத்துவிட்டது. உயிருக்குப் பயந்து செய்தேன் என்ற வாதம் கொலைக்கும், மரண தண்டனைக்குரிய அரசுக்கு எதிரான குற்றங்களுக்கும் செல்லாது. அதோடு, மிரட்டலுக்குப் பணிந்தவன் என்று சொன்னால் சுதந்திர அரசின் படை என்ற முதல் வாதமே உடைந்துபோகும்.

எடுபட்டதா என்றால், பதிவேட்டை வைத்துச் சொல்ல முடியாது. அன்று ராணுவ நீதிமன்றம் காரணம் எழுதுவது கிடையாது. குற்றவாளி, குற்றவாளி அல்ல, அவ்வளவுதான். மேஜர் ஜெனரல் பிளாக்ஸ்லாண்ட் தலைமையில் ஏழு உறுப்பினர்கள், நான்கு வெள்ளையர், மூன்று இந்தியர். 121-ல் குற்றவாளி என்று வந்ததால் சர்வதேசச் சட்ட வாதத்தை ஏற்கவில்லை என்று ஊகிக்கலாம், அதற்கு மேல் போக வழியில்லை.

---

ஓல்டு பெய்லி

ஜாய்ஸ் பக்கத்தை நான் சொல்கிறேன், ஏனென்றால் தேசாய் வாதத்தின் மறுபக்கம் அங்கேதான் இருக்கிறது.

ஜாய்ஸ் பிறந்தது நியூயார்க்கில். பிரிட்டிஷ் குடிமகனே அல்ல என்பது விசாரணையில் தெளிவானது, அந்த அடிப்படையில் முதல் இரண்டு குற்றச்சாட்டுகள் விழுந்தன. மூன்றாவதுதான் பிடித்தது. பொய் சொல்லி வாங்கிய பிரிட்டிஷ் பாஸ்போர்ட்டை 1939 ஆகஸ்டில் புதுப்பித்திருந்தார். அது 1940 ஜூலை தொடக்கம்வரை செல்லும். பாஸ்போர்ட் கையில் இருக்கும்வரை மன்னரின் பாதுகாப்பைக் கோர உரிமை உண்டு, பாதுகாப்பு இருந்தால் விசுவாசமும் உண்டு என்றார்கள். அன்று உச்ச மேல்முறையீட்டு நீதிமன்றமாகவும் இருந்த பிரபுக்கள் சபை நாலுக்கு ஒன்று என்ற கணக்கில் உறுதி செய்தது. மாறுபட்டவர் போர்ட்டர் பிரபு.

இப்போது இதை ஃபேரர் பார்க்கோடு வைத்துப் பாருங்கள். பெயரளவுப் பாதுகாப்பு இருந்ததால் அமெரிக்கக் குடிமகனுக்குத் தூக்கு. பாதுகாப்பே அற்றுப்போன இடத்தில் ஒப்படைக்கப்பட்ட சிப்பாய்க்கும் விசுவாசம் குறையாது என்று டெல்லியில் அரசுத் தரப்பு. இரண்டையும் ஒரே மூச்சில் சொல்வது கஷ்டம். தேசாயின் இரண்டாவது வாதம் முதலாவதைவிட வலுவானது என்பது என் கருத்து.

இன்னும் நெருக்கமான முன்மாதிரி வேண்டுமென்றால் அயர்லாந்து விடுதலைக்காரர் ரோஜர் கேஸ்மென்ட், 1916. ஜெர்மனியில் லிம்பர்க் முகாமில் இருந்த அயர்லாந்துப் போர்க்கைதிகளைத் திரட்டி ஒரு படை அமைக்க முயன்றார். ஐம்பத்துச் சொச்சம் பேர்தான் சேர்ந்தார்கள். நாட்டுக்குள் இருந்து செய்தால்தான் 1351 சட்டம் பிடிக்கும் என்று அவருடைய வக்கீல் சல்லிவன் வாதாடினார், தோற்றார், ஆகஸ்ட் 3 அன்று கேஸ்மென்ட்டுக்குத் தூக்கு. விசாரித்த தலைமை நீதிபதி ரீடிங் பிரபு பிறகு நமக்கு வைஸ்ராயாக வந்தார்; அரசு வக்கீல் எஃப்.இ. ஸ்மித் பர்க்கன்ஹெட் பிரபு ஆகி லண்டனில் இந்திய விவகார மந்திரியானார். ராஜத்துரோகத்தை எப்படி நடத்துவது என்று அந்த வட்டாரத்துக்குத் தெரியாததல்ல.

---

தாமிரக்கரை

நன்றி சார், மூவருக்கும். அப்படியானால் சட்டம் டெல்லியில்தான் அரசுக்கு இன்னும் வசதியாக இருந்திருக்கிறது: விசுவாசத்தை நிரூபிக்க வேண்டாம், மிரட்டல் வாதம் கிடையாது, ஜூரி கிடையாது. பிறகு ஏன் கைவிட்டார்கள்?

---

பழைய முன்சீப்

வழக்கைத் தொடுத்த விதத்திலேயே கோளாறு. ஐ.என்.ஏ. கைதிகளை வெள்ளை, சாம்பல், கறுப்பு என்று பிரித்திருந்தார்கள். வெள்ளை என்றால் படைக்குத் திரும்பலாம், சாம்பல் வெளியேற்றம், கறுப்பில் சிலர் மீது விசாரணை. கறுப்பிலும் சக கைதிகளைச் சித்திரவதை செய்தவர்கள் என்று சொல்லப்பட்டவர்கள் இருந்தார்கள். அவர்களை முதலில் நிறுத்தியிருந்தால் ஐ.என்.ஏ.வில் சேர மறுத்து முகாமில் அடிவாங்கிய சிப்பாய்களின் குரல் வெளியே கேட்டிருக்கும். அதை விட்டு, ஒரு முஸ்லிம், ஒரு இந்து, ஒரு சீக்கியர் மூவரையும் ஒரே கூண்டில் நிறுத்தி, போர் தொடுத்தல் என்ற குற்றத்தை முன்னால் வைத்தார்கள். இடமோ 1858-ல் கடைசி முகலாய மன்னர் பகதூர் ஷா ஜாஃபரை விசாரித்த அதே செங்கோட்டை. மத்திய சட்டசபைத் தேர்தல் நெருங்கிக்கொண்டிருந்த நேரம். காங்கிரஸுக்கு இதைவிட நல்ல மேடையை யாரும் கட்டித் தந்திருக்க முடியாது. மூவருக்காக வாதாட தேசாய், சாப்ரு, கட்ஜு, ஆசஃப் அலி, வக்கீல் அங்கி மாட்டிக்கொண்டு நேரு.

---

ரங்கூன் சாலை

காங்கிரஸ் மேடை என்று மட்டும் சொல்லி முடித்துவிடக் கூடாது முன்சீப் ஐயா. தெரு அதற்கு முன்னால் ஓடியது. விசாரணை நவம்பர் 5-ல் தொடங்கியது. 21-ஆம் தேதி கல்கத்தாவில் மாணவர் ஊர்வலத்தின் மீது துப்பாக்கிச் சூடு, தொடர்ந்து நகரமே கொந்தளித்தது. மாத இறுதிக்குள் அரசு கொள்கையை மாற்றி, கொடுமை செய்ததாகக் குற்றச்சாட்டு உள்ளவர்கள் மீது மட்டுமே இனி வழக்கு என்று அறிவித்துவிட்டது. அதாவது தீர்ப்பு வருவதற்கு ஒரு மாதம் முன்பே 121 செத்துவிட்டது.

ஆக்கின்லெக்கின் கவலை தெருவைவிடப் படை. தண்டனையை நிறைவேற்றினால் நாட்டில் குழப்பமும், படைக்குள் கலகமும் வரும் என்று மூத்த பிரிட்டிஷ் அதிகாரிகளுக்கு எழுதிய கடிதத்தில் வெளிப்படையாகவே விளக்கினார். வெறும் பயமல்ல அது. 1946 பிப்ரவரியில் இன்னொரு ஐ.என்.ஏ. அதிகாரி கேப்டன் அப்துல் ரஷீத்துக்கு ஏழாண்டுக் கடுங்காவல் என்றதும் கல்கத்தா மறுபடி எரிந்தது. அதே மாதம் 18-ஆம் தேதி பம்பாயில் கடற்படை வேலைநிறுத்தம். சாப்பாட்டிலும் வசவிலும் தொடங்கிய அதன் கோரிக்கைப் பட்டியலில் ஐ.என்.ஏ. கைதிகள் விடுதலையும் இருந்தது. லண்டனில் ஜாய்ஸுக்காகக் கலகம் செய்ய எந்தப் படைப்பிரிவும் இல்லை.

ஒரு துணைக்குறிப்பு. மலாயா தோட்டங்களிலிருந்து ஐ.என்.ஏ.வில் சேர்ந்த தமிழர்களின் பெயரை இந்த வழக்குகளில் தேடி ஏமாறாதீர்கள். அவர்கள் இந்திய ராணுவத்தில் இருந்தவர்கள் அல்ல. ராணுவச் சட்டமும் ராணுவ நீதிமன்றமும் அவர்களைத் தொடாது.

---

ஓல்டு பெய்லி

ஆக்கின்லெக் விட்டுவைத்த பதவி நீக்கம் சின்ன விஷயமல்ல. 1947-க்குப் பிறகு இந்திய அரசும் ஐ.என்.ஏ.காரர்களை ராணுவத்தில் திரும்பச் சேர்த்துக்கொள்ளவில்லை. ஷா நவாஸ் தேர்தலில் நின்று மந்திரி ஆக முடிந்தது, பழைய சீருடைக்குத் திரும்ப முடியவில்லை. வழக்கில் மூவருக்காக அங்கி மாட்டியவர்தான் அப்போது பிரதமர்.