வர்க்கமூலச் சமன்பாடு: -2 ஏன் விடை இல்லை?

கேள்வி: பையன் பத்தாவது. √(எக்ஸ் + 6) = எக்ஸ். இருபுறமும் வர்க்கப்படுத்தி, காரணிப்படுத்தி 3, -2 என்று எழுதியிருந்தான். டீச்சர் -2ஐச் சிவப்பு மையில் அடிச்சிட்டாங்க. சாப்பிடாமல் அதையே கேட்கிறான், எனக்கும் சொல்லத் தெரியலை.

பதில்: போட்டுப் பாருங்க அக்கா. இடப்பக்கம் √4, அதாவது 2. வலப்பக்கம் -2. பொருந்தலையே.

கேட்டவர்: √4 என்றால் ±2 இல்லையா?

பதில்: முப்பது வருஷமா என் வகுப்பில் பிள்ளைகள் இடறின இடம் இதுதாம்மா. √ குறி மிகை மூலத்தை மட்டும்தான் சொல்லும். வர்க்கப்படுத்தினா 2, -2 இரண்டுமே 4 ஆகி, பிளஸ்-மைனஸ் வித்தியாசம் அழிஞ்சுபோகும். -√(எக்ஸ் + 6) = எக்ஸ் என்கிற வேற கணக்கோட விடை அந்த -2. தம்பி போட்ட படி எதுவும் தப்பில்லை, அதை முதல்ல சொல்லுங்க. கடைசியில் சரிபார்க்கணும், அவ்வளவுதான்.

கேட்டவர்: சொன்னேன் ஐயா. அந்த வேற கணக்கையும் போட்டுப் பார்த்துட்டு இப்பதான் சாப்பிட உட்கார்ந்தான்.