ஞாயிறு மாடிப் படம்: குடும்பக் குழு

முரளி சித்தப்பா: அம்மாவோட 80வது பிறந்தநாளுக்கு மாடியில ‘ஆர்ஃபன்ஸ் ஆஃப் தி ஸ்டார்ம்’ போடலாம். டைரக்டர் கிரிஃபித், 1921. பிரெஞ்சுப் புரட்சி. கார்த்தி, இரண்டரை மணி நேரப் பிரதியையே எடு. குறைஞ்ச நேரப் பிரதின்னா வேகமா ஓட்டியிருக்கலாம். 1000 அடி ரீல் செகண்டுக்கு 16 ஃப்ரேம்ல 16½ நிமிஷம், 24ல 11 நிமிஷம். அழற காட்சியில ஆளுங்க குடுகுடுன்னு ஓடினா போச்சு.

மீனா அத்தை: ஊமைப்படமா?? 😳

ரேவதி: காதல் கதைதானே?

முரளி சித்தப்பா: ஆமா. ஏழைப் பொண்ணு ஹென்ரியட், பிரபு வீட்டுப் பையன். அவன் வீட்டுப் பெரியவர்தான் போலீஸ் தலைவர், அவரே அவளைச் சிறையில தள்றார். புரட்சி வந்தா அவளுக்கு விடுதலை, ஒளிஞ்சிருந்த பிரபுவுக்கு அடைக்கலம் கொடுத்தாள்னு அவளுக்கே தலை வெட்டற கில்லட்டின்.

மீனா அத்தை: 94ல நம்ம வீட்லயும் இதானே

சுந்தரம் பெரியப்பா: மீனா. அதை இங்க எடுக்காதே.

ரேவதி: 🙊

சுந்தரம் பெரியப்பா: சாப்பாடு எத்தனை பேருக்கு?

கார்த்தி: சித்தப்பா, கீபோர்டுல எங்க என்ன வாசிக்கணும்?

முரளி சித்தப்பா: கண் தெரியாத தங்கை லூயிஸ் தெருவுல முதல்ல பாடறப்பவே ஒரு மெட்டை ஒத்தை விரல்ல வாசிச்சுடு. பின்னாடி ஹென்ரியட் மாடி அறையில சீமாட்டிகிட்ட பேசிட்டிருப்பா. கீழ லூயிஸ் பாடுவா. குரல் நமக்குக் கேக்காது, ஹென்ரியட்டா நடிக்கிற லிலியன் கிஷ் முகத்துல மெதுவா ஏறும். அங்க அந்த மெட்டுல ரெண்டே ஸ்வரம். போலீஸ் வந்து கைது பண்றப்ப கையை எடுத்துடு, நிசப்தம்தான் வேணும். புரட்சித் தலைவர் டான்டன் குதிரையில பாஞ்சு வரப்ப முழு வேகம்.

மீனா அத்தை: வசனக் கார்டெல்லாம் இங்கிலீஷ்ல வருமே, அம்மாவுக்கு?

முரளி சித்தப்பா: தமிழ்ல எழுதி வெச்சு சத்தமா வாசிக்கணும். ஒரு கார்டுக்கு ஒரே மூச்சு, நீட்டினா அடுத்த ஷாட் மேல ஏறிடும்.

சுந்தரம் பெரியப்பா: நான் வாசிக்கிறேன்.

ரேவதி: பெரியப்பா கைல மைக்கா 😄 திரும்ப வாங்கறது யாரு

கார்த்தி: திரைக்கு 8 முழ வேட்டி ரெண்டைத் தைக்கலாமா?

முரளி சித்தப்பா: வேண்டாம், தையல் நடுமுகத்துல விழும். டபுள் பெட்ஷீட், பின்னால கறுப்புத் துணி, இல்லேன்னா வெளிச்சம் ஊடுருவிப் படம் வெளுக்கும். அடியில பிவிசி பைப் சொருகிக் கட்டு, காத்துக்குக் கப்பல் பாய் மாதிரி உப்பாது. ஏழு மணிக்கு முன்னாடி ஆரம்பிக்காதே.

மீனா அத்தை: பெட்ஷீட் என்னோடதுதானே கேக்கறீங்க? போன தடவை கொடுத்தது இன்னும் வரல.

சுந்தரம் பெரியப்பா: எத்தனை பேர்னு யாரும் சொல்லல. 25க்கு இட்லி சொல்றேன்.

ரேவதி: இடியாப்பம் பெரியப்பா ப்ளீஸ்