மூன்று ஆஸ்கர் வாங்கிய கிழவர்: வால்டர் பிரென்னனுக்குக் கிடைத்தது திறமையாலா, ஓட்டாலா?

மேலமாசி வீதி வாசகர் (கேள்வி):
ரீகல் தியேட்டரில் ஆங்கிலப் படம் பார்த்தே வளர்ந்த என் தாத்தாவுடன் சென்ற வாரம் ‘ரியோ பிராவோ’ (1959) பார்த்தேன். சிறையைக் காத்துக்கொண்டு ஓயாமல் புலம்பும் நொண்டிக் கிழவர் ஸ்டம்பியாக ஹாலிவுட் நடிகர் வால்டர் பிரென்னன் திரையில் வந்ததும், “இந்த ஆள் மூன்று ஆஸ்கர் வாங்கியவர் தெரியுமா?” என்றார் தாத்தா. 1936, 1938, 1940 ஆகிய ஆண்டுகளின் படங்களுக்காக அவர் வாங்கியது உண்மைதான். ஆனால், கூட்டக் காட்சிகளில் நிற்பவர்களின் ஓட்டுதான் அவரை ஜெயிக்க வைத்தது என்றும் ஓரிடத்தில் படித்தேன். விவரம் அறிந்த பெரியவர்கள் விளக்க வேண்டுகிறேன்.

திருமங்கலத்து ஆசிரியர்:
தம்பி, துணை நடிகருக்கென்று தனி ஆஸ்கர் தொடங்கியதே 1936ஆம் ஆண்டின் படங்களுக்குத்தான். ‘கம் அண்ட் கெட் இட்’ படத்தில் ஸ்வீடனிலிருந்து வந்த மரம்வெட்டியாக நடித்து, அதன் முதல் விருதைப் பெற்றவர் பிரென்னன். ஆஸ்கரில் துணை நடிகர் என்றால் நாயகனுக்கு அடுத்த வேடங்களில் நடிப்பவர்; நம்மூரில் கூட்டத்தில் நிற்பவரைத்தான் அப்படிச் சொல்வோம். பிரென்னனும் அந்தக் கூட்டத்திலிருந்து மேலே வந்தவர்தான். அக்காலத்தில் அவர்களுக்கும் ஓட்டுரிமை இருந்ததால், தங்களில் ஒருவருக்கே அள்ளிப் போட்டார்கள் என்று நெடுநாளாகச் சொல்லப்படுகிறது. பின்னர் அந்த உரிமை எடுக்கப்பட்டுவிட்டது.

ஆனாலும் மூன்றாவது விருதுப் படமான ‘தி வெஸ்டர்னர்’ பார்த்தவர்கள் ஓட்டைப் பற்றிப் பேச மாட்டார்கள். நினைத்தவரையெல்லாம் தூக்கில் போடும் நீதிபதி ராய் பீன், லில்லி லாங்ட்ரி என்ற நடிகையின் படத்தைக் கண்டால் மட்டும் குழந்தையாகிவிடுவார். அவள் நாடகத்துக்கு வரும்போது எல்லா டிக்கெட்டையும் தாமே வாங்கிக்கொண்டு, பழைய ராணுவ உடையை மாட்டிக்கொண்டு, காலி அரங்கில் தனியாக உட்கார்ந்திருப்பார். கட்டவுட்டுக்குப் பால் ஊற்றும் ஊர்க்காரர்களான நமக்கு இந்த ரசிகரைப் புரிந்துகொள்ள உரை எழுத வேண்டியதில்லை.

சோழவந்தான்காரர்:
ஐயா சொல்வதை மறுக்கவில்லை. ஆயினும் ஸ்டம்பி, ‘ரெட் ரிவர்’ (1948) படத்தின் குரூட் என்று எங்கே பார்த்தாலும் அதே பொக்கைவாய், அதே கீச்சுக் குரல். இதைப் பன்முகத் திறமை என்பது கொஞ்சம் அதிகம் என்றே எனக்குப் படுகிறது.

அண்ணா நகர் அக்கா:
பல்செட் பொருத்தும் மருத்துவமனை ஒன்றில் பல ஆண்டுகளாக உதவியாளராக இருப்பவள் என்ற முறையில், அந்தப் பொக்கைவாயைப் பற்றி மட்டும் சொல்கிறேன். 1932இல் நடந்த விபத்தில் பிரென்னன் பற்கள் பலவற்றை இழந்தார். அதன்பின் ஒரு வேடத்துக்காக இயக்குநர் ஹோவர்ட் ஹாக்ஸ் அவரைப் பார்த்தபோது, “வைத்துக்கொண்டா, வைக்காமலா?” என்று பிரென்னன் கேட்டதாகவும், எதை என்று புரியாமல் தாம் விழித்ததாகவும் ஹாக்ஸே சொல்லியிருக்கிறார்.

பல்செட்டைக் கழற்றிய முகத்தை நாங்கள் தினமும் பார்க்கிறோம். உதடு உள்ளே மடங்கும், மூக்கும் தாடையும் ஒன்றையொன்று நெருங்கும், ‘த’வும் ‘ச’வும் வழுக்கும், ஒரு நொடியில் 20 வயது கூடிவிடும். முதல் விருதுப் படத்தின்போது பிரென்னனுக்கு 42 வயதுதான். நம் விருதுநகர் வி. கே. ராமசாமி 21 வயதில் ‘நாம் இருவர்’ (1947) படத்தில் முதியவராக வந்ததை நினைத்துக்கொள்ளுங்கள். குரூட் தம் பல்செட்டையே சீட்டாட்டத்தில் தோற்று, சாப்பாட்டு நேரத்துக்கு மட்டும் இரவல் வாங்குவது, தம் குறையைத் தாமே கேலிக்கு எடுத்துக்கொண்ட நடிகரால்தான் முடியும்.

சோழவந்தான் அண்ணன் ‘மை டார்லிங் கிளெமன்டைன்’ (1946) பார்த்துவிட்டு வரட்டும். அதில் கிளான்டன் என்ற தகப்பனாக அவர் வரும்போது சிரிப்புக்கே இடமில்லை. துப்பாக்கியை எடுத்துவிட்டுச் சுடாமல் விட்டதற்காகத் தம் வளர்ந்த பிள்ளைகளைச் சவுக்கால் விளாசிவிட்டு, எடுத்தால் ஆளைக் கொல்ல வேண்டும் என்று பாடம் சொல்வார். அதுவும் அடங்கிய குரலில்.

சோழவந்தான்காரர்:
நேற்றிரவு பார்த்தேன். அக்கா சொன்ன சவுக்குக் காட்சியில் அது பிரென்னன்தானா என்று ஒருமுறை நிறுத்திப் பார்க்க வேண்டியிருந்தது. என் கருத்தைத் திரும்பப் பெற்றுக்கொள்கிறேன். ‘ரெட் ரிவர்’ பற்றி மட்டும் இன்னும் வழக்கு உண்டு.

மேலமாசி வீதி வாசகர்:
அனைவருக்கும் நன்றி. இவற்றைத் தாத்தாவிடம் வாசித்துக் காட்டினேன். உடனே பல்செட்டைக் கழற்றி டம்ளரில் போட்டுவிட்டு, ஸ்டம்பியைப் போல இரண்டு வரி புலம்பிக் காட்டினார். காபி குடிக்கிற டம்ளர் அது என்று பாட்டி கத்தியதில் நிகழ்ச்சி பாதியில் நின்றுவிட்டது.