கலைச்சொல்: உயிரியல் முழுக்காரணவாதம்

அன்பு நண்பர்களே,

மனிதன் செய்யும் குற்றத்தை அவன் உடற்கூறே தீர்மானித்துவிடுகிறது என்னும் கொள்கைக்கு (biological determinism) தமிழ்க் கலைச்சொல்லாக மூன்று சொற்கள் பரிந்துரையாக வந்துள்ளன: பிறவிக்குணவாதம், உயிரியல் விதிவாதம், உயிரியல் நியதிவாதம்.

முதல் சொல் வேண்டவே வேண்டாம். குற்றத்தோடு ‘பிறவி’யைச் சேர்த்தாலே நம் ஊரில், சில சமூகங்களைப் பிறப்பாலேயே குற்றவாளிகளாகக் கருதிய ஆங்கிலேயர் காலக் குற்றப்பரம்பரைச் சட்டம் வந்து நிற்கிறது. அதன்படி கைரேகை வைக்க மறுத்த பிரமலைக் கள்ளர்களைப் பெருங்காமநல்லூரில் 1920 ஏப்ரல் 3 அன்று போலீஸ் சுட்டது அந்தச் சட்டத்தின் பேரில்தான். அதற்கு அறிவியல் பட்டம் சூட்ட நாம் துணைபோகக் கூடாது. பொருளும் பொருந்தவில்லை. 1966-இல் டெக்சஸ் பல்கலைக்கழகக் கோபுரத்தில் ஏறிப் பலரைச் சுட்டுக்கொன்ற சார்லஸ் விட்மன், தன் உடலைக் கூறாய்வு செய்யும்படி முன்பே எழுதி வைத்திருந்தார். மூளையில் கட்டி இருந்தது. கட்டியைப் பிறவிக்குணம் என்பீர்களா?

‘விதி’ என்றால் என்ன செய்தாலும் நடந்தே தீரும். வர்ஜீனியா ஆசிரியர் ஒருவருக்கு நாற்பது வயதில் திடீரெனக் குழந்தைகள்மீது தகாத நாட்டம் வந்தது. கண்குழிக்கு மேலுள்ள மூளைப்பகுதியில் கட்டி. அதை எடுத்ததும் நாட்டம் போயிற்று. கட்டி மறுபடி வளர்ந்தது, நாட்டமும் திரும்பியது. மறுபடி எடுத்தார்கள், அதுவும் போயிற்று. அறுவை செய்தால் மாறுவதை விதி என்று எப்படிச் சொல்வது? எல்லாம் நியதிப்படியே நடக்கும் என்ற பழைய சமயத்தாரான ஆசீவகர் காலத்திலிருந்தே நியதியும் விதிக்குப் பக்கத்து வீடுதான்.

நான் முன்வைப்பது: உயிரியல் முழுக்காரணவாதம். வெறும் ‘காரணவாதம்’ போதாதா என்றால், போதாது. உடலும் ஒரு காரணம் என்பதை யார் மறுக்கிறார்கள்? சண்டையே ‘முழு’வில்தான். விட்மனை ஆராய்ந்த மருத்துவக் குழுவும், கட்டிக்குப் பங்கு இருந்திருக்கலாம் என்றதோடு நிறுத்திக்கொண்டது. நம் சட்டமும் அப்படித்தான். பழைய இ.பி.கோ. (இந்திய தண்டனைச் சட்டம்) 84-ஆம் பிரிவு, இப்போது பாரதிய நியாய சன்ஹிதா 22-ஆம் பிரிவு: மனநிலை பிறழ்ந்திருந்தால் மட்டும் போதாது, செய்வது என்னவென்றோ அது தவறென்றோ அந்த நேரத்தில் அறிய முடியாமல் போயிருக்க வேண்டும்.

அப்புறம், இதற்கு எதிர்ச்சொல்லாக, அதாவது மனிதன் தானே தேர்ந்து செயல்படும் திறனுக்கு (free will), ‘தன்னிச்சை’ வந்திருக்கிறது. ‘அதிகாரி தன்னிச்சையாக நடந்துகொண்டார்’ என்று தினமும் செய்தியில் படிக்கிறோம். அது குறை சொல்லும் சொல்லாகிவிட்டது. ‘தன்தெரிவு’ எப்படி? தெரிவு இலங்கை நண்பர்களுக்கு அன்றாடச் சொல். மற்றவர்கள் இந்த வாக்கியத்தில் வைத்துப் பார்த்துச் சொல்லுங்கள்: “சுட்ட நேரத்தில் அவருக்குத் தன்தெரிவு இருந்ததா?”